வெளிநாட்டில் இருப்பவருக்காகப் பெங்களூரு குடும்ப நீதிமன்றத்தில் ஆஜராவது எப்படி: பாதுகாவலர் மனுக்களுக்கான வழிகாட்டி

பெங்களூரில் வளரும் ஒரு குழந்தைக்குச் சட்டப்படியான பாதுகாவலராக விண்ணப்பிக்க வேண்டியவர் சிங்கப்பூரிலோ குவைத்திலோ வேலையில் இருக்கிறார், ஒவ்வொரு வாய்தாவுக்கும் அவரால் விமானம் ஏறி வர இயலாது, ஆகவே ஊரில் இருக்கும் அண்ணனோ மாமாவோ அவருக்காக நீதிமன்றத்துக்குப் போக வேண்டியிருக்கிறது என்ற நிலையில் இருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். மறைந்த எங்கள் தம்பியின் மகளுக்காகச் சிங்கப்பூரில் இருக்கும் என் அக்கா மனுப்போட்டபோது, அவருடைய பவர் பத்திரத்தை வைத்துக்கொண்டு நீதிமன்றத்துக்குப் போய்வந்தவன் நான். நான் வழக்கறிஞன் அல்லன். ஆனால் எந்தக் காகிதத்தை எப்போது தயார்செய்ய வேண்டும், எந்த நாளில் அக்கா நேரில் இருந்தே ஆக வேண்டும் என்ற இரண்டையும் ஒரே இடத்தில் எழுதிவைத்தவர் எவரும் அப்போது எனக்குக் கிடைக்கவில்லை.

தொடங்கும் முன் ஒன்றை மனத்தில் இருத்திக்கொள்ளுங்கள். பவர் பத்திரம் வைத்திருப்பவர் மனுதாரருக்காகக் காகிதங்களைத் தாக்கல் செய்யலாம், வாய்தாவுக்குப் போகலாம், அறிவிப்புகளை வாங்கலாம். மனுதாரருக்கு மட்டுமே தெரிந்த விஷயத்தை அவருக்குப் பதிலாகச் சாட்சிக்கூண்டில் ஏறிச் சொல்ல முடியாது. இந்த வேறுபாடு புரிந்தால், மனுதாரரின் விடுப்பை எந்த மாதத்துக்கு ஒதுக்கிவைப்பது என்பதும் தெளிவாகிவிடும்.

1. எந்த நீதிமன்றம் என்பதை உறுதிசெய்யுங்கள்

பாதுகாவலர் மனுவை 1890-ஆம் ஆண்டின் பாதுகாவலர் மற்றும் காப்பிலுள்ளோர் சட்டத்தின் கீழ் போடுகிறோம். குழந்தையின் உடல்சார்ந்த பாதுகாவலுக்கான மனு, அந்தக் குழந்தை வழக்கமாக வசிக்கும் இடத்தின் நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும் என்று அச்சட்டத்தின் 9-ஆம் பிரிவு சொல்கிறது. மனுதாரர் எங்கே இருக்கிறார் என்பதோ, குடும்பத்தின் சொந்த ஊர் எது என்பதோ இங்கே கணக்கில் வராது. நம்மவர்களில் பலர் ஓசூரில் வீடு, பெங்களூரில் வேலை என்று வாழ்கிறார்கள். குழந்தை ஓசூரில் தாத்தா வீட்டில் தங்கி அங்கேயே பள்ளிக்குப் போகிறது என்றால் மனு கிருஷ்ணகிரி மாவட்டத்துக்கு உரியது. கோலார் தங்கவயலில் பாட்டியுடன் வளரும் குழந்தைக்குக் கோலார் மாவட்டம். பெங்களூரு நகரில் வசிக்கும் குழந்தைக்கு, எச். சித்தையா சாலையில் உள்ள நியாய தேகுலா கட்டடத்தின் குடும்ப நீதிமன்றம். பெங்களூரு சமரச மையமும் கர்நாடக மாநிலச் சட்டப் பணிகள் ஆணையமும் அதே கட்டடத்தில் இருப்பது வசதி.

அடுத்த பொறி சொத்து. 1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றங்கள் சட்டம், 7-ஆம் பிரிவில், மைனரின் உடல்சார்ந்த பாதுகாவல், பொறுப்பில் வைத்திருத்தல், சந்தித்தல் ஆகியவற்றைத்தான் குறிப்பிடுகிறது. மைனரின் பெயரில் உள்ள வீட்டையோ மனையையோ விற்க அனுமதி கேட்கும் மனுவுக்கு உரிய இடம் நகர சிவில் நீதிமன்றம். இரண்டையும் ஒரே மனுவில் திணித்துவிடலாம் என்று யாராவது சொன்னால், சொத்துப் பகுதிக்கு எந்தப் பிரிவின்படி அதிகாரம் என்று எதிர்க்கேள்வி கேளுங்கள்.

2. பிரதிநிதியாக யார் போவது

நீதிமன்றத்தில் ஒருவருக்காகப் பவர் பத்திரத்தின் பலத்தில் ஆஜராவதற்கு, சிவில் நடைமுறைச் சட்டத்தின் 3-ஆம் கட்டளை இடம் தருகிறது. குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 10-ஆம் பிரிவு வழியாக அதே நடைமுறை இங்கும் பொருந்துகிறது. ஆனால் அந்தக் கட்டளையிலேயே ஒரு நிபந்தனையும் உண்டு: தரப்பினர் நேரில் வர வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிட்டால் வந்தே ஆக வேண்டும்.

சட்டம் உறவினர்தான் வேண்டும் என்று கட்டாயப்படுத்தவில்லை. ஆனாலும் குழந்தையை அடிக்கடி பார்க்கிற, வேலைநாளில் பகல் முழுவதும் ஒதுக்கக்கூடிய, கன்னடமோ ஆங்கிலமோ ஓரளவு பேசத் தெரிந்த நெருங்கிய உறவினரையே தேர்ந்தெடுங்கள். குழந்தையைத் தன் பொறுப்பில் கேட்டு எதிர்த்தரப்பாக வரக்கூடியவரையும், குழந்தையின் பணத்தில் பங்கு கேட்கக்கூடியவரையும் தவிர்த்துவிடுங்கள். வழக்கறிஞரையே பவர் ஏஜெண்டாகவும் வைத்துக்கொள்ளும் யோசனையும் வேண்டாம். ஒரே ஆள் கட்சிக்காரரின் இடத்திலும் வழக்கறிஞரின் இடத்திலும் நிற்பதை நீதிமன்றங்கள் ஏற்பதில்லை.

மைனர் குழந்தை பவர் பத்திரம் எழுதித்தர முடியாது. நினைவு தவறிய முதியவரும் எழுதித்தர முடியாது. அவர்கள் சார்பில் நிற்பதற்கு 32-ஆம் கட்டளையின் கீழ் தனி ஏற்பாடு இருக்கிறது. பாட்டிக்கு மறதி நோய் என்று மருத்துவச் சான்று இருக்கும்போது அவருடைய கைநாட்டை வாங்கிப் பவர் தயாரித்தால், மனுவே சந்தேகத்துக்கு உள்ளாகும்.

3. பவர் பத்திரத்தை எழுதுங்கள்

கடைகளில் கிடைக்கும் பொதுப் பவர் மாதிரிகளில் வங்கி, மின்வாரியம், நிலம், வாடகை என்று எல்லாம் இருக்கும். பாதுகாவலர் வழக்கு என்ற சொல் மட்டும் இருக்காது. இந்த வழக்குக்கென்றே ஒரு சிறப்புப் பவர் பத்திரம் எழுதிக்கொள்வதுதான் நல்லது. அதில் கீழ்க்கண்டவை தெளிவாக இருக்க வேண்டும்.

மனுதாரரின் முழுப்பெயர், கடவுச்சீட்டில் உள்ள எழுத்துக்கூட்டலுடன். நம் பெயர்களில் இனிஷியல் ஒரு தீராத தலைவலி: கடவுச்சீட்டில் தந்தை பெயர் விரிவாக இருக்கும், ஆதாரில் ஒற்றை எழுத்தாக இருக்கும், குழந்தையின் பிறப்புச் சான்றிதழில் இனிஷியலே இருக்காது. மூன்றும் ஒருவரையே குறிக்கின்றன என்ற ஒரு வரியைப் பத்திரத்திலேயே சேர்த்துவிட்டால் பிறகு தனியாகப் பிரமாணப் பத்திரம் போட வேண்டியிராது.

குழந்தையின் பெயர், பிறந்த தேதி, முகவரி, எந்த நீதிமன்றம், மனு ஏற்கெனவே தாக்கலாகியிருந்தால் அதன் எண். பெங்களூரில் இவ்வகை மனுக்களுக்கு ஜி அண்ட் டபிள்யூ.சி. என்ற தலைப்பில் எண் தருவார்கள்.

அதிகாரங்களை ஒவ்வொன்றாகச் சொல்லுங்கள்: மனுவிலும் இடைக்கால மனுக்களிலும் கையெழுத்திட்டு உறுதிமொழி அளிப்பது, வாய்தாக்களில் ஆஜராவது, வழக்கறிஞரை நியமித்து வக்காலத்தில் கையெழுத்திடுவது, அறிவிப்புகளைப் பெறுவது, கட்டணம் செலுத்துவது, சான்றிட்ட நகல்களுக்கு விண்ணப்பிப்பது, தாக்கல் செய்த அசல் ஆவணங்களைத் திரும்பப் பெறுவது. கடைசியாகச் சொன்ன ஒன்றைப் பலர் எழுத மறக்கிறார்கள். வழக்கு முடிந்தபின் இறப்புச் சான்றிதழின் அசலைத் திரும்ப வாங்கப் போகும்போதுதான் அதன் அருமை தெரியும்.

எதைக் கொடுக்கக் கூடாது என்பதும் முக்கியம். குழந்தையின் பொறுப்பு குறித்துச் சமரசம் செய்துகொள்ளும் அதிகாரத்தைப் பிரதிநிதிக்குத் தர வேண்டாம் என்பது என் கருத்து. சமரசப் பேச்சில் கலந்துகொள்ளலாம், ஆனால் உடன்படிக்கையில் மனுதாரரே கையெழுத்திட வேண்டும் என்று எழுதிவையுங்கள். பிரதிநிதி தன் அதிகாரத்தை வேறொருவருக்கு மாற்றித்தரக் கூடாது என்றும் சேர்த்துக்கொள்ளுங்கள். இது அவநம்பிக்கை அல்ல; பின்னாளில் உறவினர்கள் இரண்டு பக்கமாகப் பிரிந்து நின்றால் பிரதிநிதியையும் காப்பாற்றும் வரி இதுதான்.

இருவரின் புகைப்படங்களும், பிரதிநிதியின் மாதிரிக் கையெழுத்தும், இரண்டு சாட்சிகளின் கையெழுத்தும் இருக்கட்டும். அசல் பத்திரமாகவே இரண்டு பிரதிகள் தயாரித்துக்கொள்ளுங்கள். ஒன்று நீதிமன்றக் கோப்புக்குள் போய்விட்டால் மற்றொன்று கையில் இருக்கும்.

4. வெளிநாட்டில் கையெழுத்து, கர்நாடகத்தில் முத்திரை

நேரமும் பணமும் அதிகம் வீணாகும் கட்டம் இது.

மனுதாரர் இந்தியா வந்து போகும்போது எழுதித்தர முடிந்தால் மிக எளிது: கர்நாடகத்தில் இ-ஸ்டாம்ப் வாங்கி, அதன்மீது பத்திரத்தை அச்சிட்டு, நோட்டரி முன்னிலையில் கையெழுத்திட்டால் போதும். நீதிமன்றத்தில் ஆஜராவதற்கான பவருக்கு சப்-ரிஜிஸ்ட்ரார் அலுவலகப் பதிவு கட்டாயமில்லை. நிலம் விற்பதற்கான பவருக்குச் சொல்லப்படும் விதிகளை இதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். முத்திரைக் கட்டணங்களைக் கர்நாடகம் 2024-இல் கணிசமாக உயர்த்தியிருப்பதால், பழைய பத்திரத்தைப் பார்த்து அதே மதிப்பில் ஸ்டாம்ப் வாங்காதீர்கள். இன்றைய கட்டணத்தைக் கேட்டு வாங்குங்கள்.

வெளிநாட்டில் கையெழுத்திடுவதாக இருந்தால் இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, அந்நாட்டில் உள்ள இந்தியத் தூதரகத்திலோ துணைத் தூதரகத்திலோ அதிகாரி முன்னிலையில் கையெழுத்திட்டுச் சான்றொப்பம் பெறுவது. குவைத், துபாயில் இருப்பவர்களுக்கு இதுவே நேர்வழி. மற்றொன்று, அந்நாட்டு நோட்டரி முன் கையெழுத்திட்டு அப்போஸ்டில் (உடன்படிக்கை நாடுகள் ஒன்றுக்கொன்று ஏற்கும் சான்றொப்பம்) பெறுவது. இந்தியா 2005 முதல் அப்போஸ்டில் உடன்படிக்கையில் இருக்கிறது. அமெரிக்கா, பிரிட்டனும் உண்டு. சிங்கப்பூர் 2021 செப்டம்பரிலிருந்து இணைந்திருக்கிறது. அங்கே நோட்டரி சான்றின்மீது அப்போஸ்டில் வழங்குவது சிங்கப்பூர் அகாடமி ஆஃப் லா. அப்போஸ்டில் இல்லாத வெறும் வெளிநாட்டு நோட்டரி முத்திரையை வைத்துக்கொண்டு வந்தால் எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொள்ளும். கையெழுத்திட்ட பத்திரத்தை ஸ்கேன் செய்து வாட்ஸ்அப்பில் அனுப்புவதும் பயன்படாது. அசல் கூரியரில் வர வேண்டும்.

வந்து சேர்ந்ததும் நாள் எண்ணத் தொடங்குங்கள். வெளிநாட்டில் எழுதப்பட்ட பத்திரத்துக்கு, அது மாநிலத்துக்குள் வந்த நாளிலிருந்து மூன்று மாதங்களுக்குள் இங்கே முத்திரைக் கட்டணம் செலுத்திவிட வேண்டும். அதை மாவட்டப் பதிவாளர் அலுவலகத்தில் கொடுத்து, கட்டணம் கட்டி, மேலெழுத்துப் பெற்றுக்கொள்ளலாம். கூரியர் உறையைத் தூக்கி எறியாதீர்கள். எந்தத் தேதியில் வந்தது என்பதற்கு அதுதான் சாட்சி. காலம் கடந்தால் பத்திரம் செல்லாததாகிவிடும் என்பதில்லை, ஆனால் நீதிமன்றத்தில் சான்றாவணமாகக் காட்டும்போது அது பிடித்துவைக்கப்பட்டு, கட்டாமல் விட்ட தொகையுடன் அதைப்போல் பத்து மடங்கு அபராதமும் கட்ட நேரிடும். பணத்தைக் காட்டிலும் அதனால் நழுவும் வாய்தாக்கள்தான் பெரிய இழப்பு.

5. மனுவும் இணைப்புகளும்

மனுவில் என்னென்ன இருக்க வேண்டும் என்பதை 1890-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 10-ஆம் பிரிவே பட்டியலிடுகிறது: குழந்தையின் பெயர், பாலினம், மதம், பிறந்த தேதி, வசிக்கும் இடம், சொத்து இருந்தால் அதன் தன்மையும் மதிப்பும், இப்போது யாருடைய பொறுப்பில் இருக்கிறது, நெருங்கிய உறவினர்கள் யார், எங்கே இருக்கிறார்கள், இதற்குமுன் பாதுகாவலர் நியமிக்கப்பட்டாரா, மனு ஏதும் போடப்பட்டதா, முன்மொழியப்படும் பாதுகாவலரின் தகுதிகள், மனுவுக்கான காரணம். உறவினர் பட்டியலில் யாரையும் விட்டுவிடாதீர்கள். பேச்சுவார்த்தை இல்லாத சித்தப்பாவாக இருந்தாலும் பெயரையும் முகவரியையும் எழுதுங்கள்; மறைத்தது பிறகு வெளிவந்தால் மனுதாரரின் நேர்மை கேள்விக்குள்ளாகும்.

மனுவில் பிரதிநிதி கையெழுத்திடச் சட்டம் இடம் தருகிறது. இருந்தாலும், முடிந்தவரை மனுதாரரே கையெழுத்திட்டு, பவர் பத்திரத்தோடு சேர்த்துச் சான்றொப்பம் பெற்று அனுப்பிவிடுவது மேல். ஒரு காகிதத்தில் மட்டும் இந்தத் தேர்வே கிடையாது: பாதுகாவலராக இருக்கச் சம்மதம் என்ற உறுதிமொழி. அதில் முன்மொழியப்படும் பாதுகாவலரே கையெழுத்திட வேண்டும், குறைந்தது இரண்டு சாட்சிகள் சான்றளிக்க வேண்டும் என்று 10-ஆம் பிரிவின் மூன்றாம் உட்பிரிவு கேட்கிறது. மனுதாரர் தூதரகத்துக்கோ நோட்டரியிடமோ போகும் அதே நாளில் பவர், மனு, இந்தச் சம்மத உறுதிமொழி மூன்றையும் முடித்துவிட்டால் ஒரே செலவு, ஒரே கூரியர்.

இணைக்க வேண்டியவை: குழந்தையின் பிறப்புச் சான்றிதழ்; பெற்றோர் இறந்திருந்தால் இறப்புச் சான்றிதழ்கள்; ஆதார் நகல்கள்; மனுதாரரின் கடவுச்சீட்டு, விசா, வேலைக்கான கடிதம், வருமானச் சான்று; குழந்தை பெங்களூரில்தான் வசிக்கிறது என்பதைக் காட்டும் ஆவணம். இந்தக் கடைசி விஷயத்துக்குப் பள்ளியின் ஸ்டடி சர்டிபிகேட் மிகவும் உதவும். உறவுமுறையைக் காட்டக் கர்நாடகத்தில் நாடகச்சேரி (உள்ளூர் வருவாய்த் துறை அலுவலகம்) வழியாக வம்சவிருட்சச் சான்று, அதாவது குடும்ப மரச் சான்று, வாங்குவார்கள். குடும்பம் தமிழ்நாட்டைச் சேர்ந்தது என்றால் தாசில்தார் வழங்கும் வாரிசுச் சான்றிதழ். தாய்வழி, தந்தைவழி இரு தரப்பிலும் உயிரோடிருக்கும் தாத்தா, பாட்டியின் ஆட்சேபனையில்லை என்ற பிரமாணப் பத்திரங்கள் கிடைத்தால் வழக்கின் வேகமே மாறும். அவற்றுக்காக அலைவது வீண் போகாது.

தமிழில் மட்டும் உள்ள ஆவணங்களுக்குக் கன்னட அல்லது ஆங்கில மொழிபெயர்ப்பு வேண்டும். தமிழ்நாட்டின் புதிய பிறப்புச் சான்றிதழ்களில் இரு மொழிகளும் இருக்கும். பழைய பள்ளிச் சான்றிதழ், கிராம நிர்வாக அலுவலரின் கடிதம் போன்றவை தமிழில் மட்டுமே இருக்கும். அவற்றை மனுவோடேயே மொழிபெயர்த்து இணைத்துவிடுங்கள்.

6. இரண்டு இடைக்கால மனுக்கள், தனித்தனியாக

புதிதாக வருபவர்கள் அதிகம் குழம்பும் இடம் இது. குடும்ப நீதிமன்றத்தில் இரண்டு வேறு அனுமதிகள் தேவைப்படுகின்றன.

முதலாவது, பவர் ஏஜெண்டாக நீங்கள் ஆஜராவதற்கான அனுமதி. 3-ஆம் கட்டளையின் கீழ் ஒரு ஐ.ஏ. (இடைக்கால மனு), அதற்கு ஆதரவாக ஒரு பிரமாணப் பத்திரம், பவர் பத்திரத்தின் அசல், மனுதாரர் ஏன் நேரில் வர இயலாது என்பதற்கான ஆவணம். வெறுமனே “வெளிநாட்டில் இருக்கிறார்” என்று எழுதாமல், வேலை ஒப்பந்தம், விடுப்பு விதிகள் குறித்த கடிதம் போன்றவற்றை வையுங்கள். நீதிமன்றம் எந்த நாளில் அழைத்தாலும் நேரிலோ காணொளியிலோ வருவார் என்று ஒரு வாக்குறுதியையும் அதிலேயே எழுதிவிடுங்கள். நீதிபதிகள் முதலில் கேட்கும் கேள்விக்கு அது பதிலாகிவிடும். நீதிமன்றத்தில் தாக்கல் செய்வதற்கான பிரமாணப் பத்திரத்துக்கு முத்திரைக் கட்டண விலக்கு உண்டு; அதற்குத் தனியாக ஸ்டாம்ப் வாங்கத் தேவையில்லை.

இரண்டாவது, வழக்கறிஞர் ஆஜராவதற்கான அனுமதி. குடும்ப நீதிமன்றத்தில் வழக்கறிஞர் வைத்துக்கொள்வது உரிமையாக எவருக்கும் கிடையாது என்று குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 13-ஆம் பிரிவு சொல்கிறது. நடைமுறையில் அப்பிரிவின் கீழ் ஒரு ஐ.ஏ. போட்டு அனுமதி பெற்று வழக்கறிஞர்கள் வருகிறார்கள். வக்காலத்து மட்டும் போட்டுவிட்டு இந்த மனுவை விட்டுவிட்டால் பிறகு கேள்வி வரும்.

வழக்கறிஞர் அனுமதிக்கப்படாத இடம் என்பதால் பவர் ஏஜெண்டே வாதாடிவிடலாம் என்று நினைக்காதீர்கள். ஆஜராவது, மனு கொடுப்பது, செயல்படுவது ஆகியவைதான் பவர் ஏஜெண்டுக்கு உரியவை. வழக்கறிஞர் அல்லாத ஒருவர் பிறருக்காக வாதிட வேண்டுமானால் நீதிமன்றத்தின் முன் அனுமதி வேண்டும் என்பதை 1999-இல் டி.சி. மத்தாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. அது குற்றவியல் நீதிமன்றத்தில் எழுந்த கேள்வி என்றாலும், பவர் பத்திரம் வழக்கறிஞர் பட்டமாகிவிடாது என்ற கருத்து இங்கும் பொருந்தும். நீதிபதி கேட்டால் உண்மைகளைச் சுருக்கமாகச் சொல்லுங்கள். சட்டப் பிரிவுகளை அடுக்கிப் பேச வேண்டாம்.

7. வாய்தா நாட்கள்

காலை 11 மணிக்குள் நீதிமன்ற அறை வாசலில் இருங்கள். வழக்குப் பட்டியலில் உங்கள் வரிசை எண்ணைப் பார்த்துக்கொள்ளுங்கள். பெயர் கூப்பிடும்போது எழுந்து, மனுதாரரின் பவர் ஏஜெண்ட் என்று சொல்லுங்கள். மனுதாரரின் பெயரைக் கூப்பிட்டதும் “ஆஜர்” என்று மட்டும் சொன்னால் மனுதாரரே வந்ததாகப் பதிவாகக்கூடும், பின்னால் அது குழப்பம் தரும். அடுத்த தேதியைப் பெஞ்ச் கிளார்க்கிடம் கேட்டு எழுதிக்கொண்டு, மாலையில் இ-கோர்ட்ஸ் செயலியிலும் சரிபாருங்கள். வழக்குக்குத் தரப்படும் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை மனுதாரருக்கும் அனுப்பிவிட்டால், அவரும் அங்கிருந்தே பார்த்துக்கொள்வார். தினமும் “என்ன ஆச்சு” என்று வரும் தொலைபேசி அழைப்புகள் பாதியாகக் குறையும்.

மனு ஏற்கப்பட்டதும் 1890-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 11-ஆம் பிரிவின்படி உறவினர்களுக்கு அறிவிப்பு போகும். முகவரி தவறு, வீடு பூட்டியிருக்கிறது என்று அறிவிப்பு திரும்பிவருவதில்தான் மாதங்கள் கரைகின்றன. தமிழ்நாட்டில் உள்ள உறவினரின் முகவரியைத் தெரு, அஞ்சல், வட்டம், பின்கோடு வரை உறுதிசெய்து கொடுங்கள். இரண்டு, மூன்று முறை திரும்பினால் செய்தித்தாளில் விளம்பரம் கொடுக்க உத்தரவாகும். அந்தச் செலவு மனுதாரருடையது.

மொழியைப் பற்றி ஒரு சொல். பெங்களூரு நீதிமன்றங்களில் தமிழ் புரிந்தவர்களைப் பார்ப்பது அரிதல்ல. ஆனால் பதிவாவது கன்னடத்திலோ ஆங்கிலத்திலோதான். தமிழ் மட்டுமே தெரிந்த பாட்டி சாட்சி சொல்ல வேண்டியிருந்தால் மொழிபெயர்ப்பாளர் தேவை என்று முன்வாய்தாவிலேயே தெரிவியுங்கள். பதிவானதை வாசித்து விளக்கிய பிறகே அவர் கையெழுத்திட வேண்டும்.

8. மனுதாரரே இருக்க வேண்டிய கட்டங்கள்

மனுதாரரின் விடுப்பை மனுத்தாக்கல் நாளில் செலவழிக்காதீர்கள். அந்த நாளில் அவர் இருந்தே தீர வேண்டும் என்ற அவசியம் இல்லை. அவர் உண்மையில் தேவைப்படும் கட்டங்கள் வேறு.

குழந்தையைக் கேட்டு இன்னொரு தரப்பும் நிற்கிறது என்றால் முதலில் சமரசம். தீர்வுக்கு முயல்வது நீதிமன்றத்தின் கடமை என்று குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 9-ஆம் பிரிவு சொல்வதால், ஆலோசகரிடமோ சமரச மையத்துக்கோ அனுப்புவார்கள். அங்கே பிரதிநிதி உட்கார்ந்து பேசுவதில் பெரிய பயன் இல்லை. குழந்தையை யார் வளர்ப்பது என்ற முடிவை எடுக்க வேண்டியவர் எதிரே இருந்தால்தான் பேச்சு நகரும்.

அடுத்தது சாட்சியம். இதைப் பற்றித்தான் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். பவர் ஏஜெண்ட், தான் செய்த செயல்களைப் பற்றிச் சாட்சி சொல்லலாம். மனுதாரருக்கு மட்டுமே நேரடியாகத் தெரிந்தவற்றை அவருக்குப் பதிலாகச் சொல்ல முடியாது, அவற்றைப் பற்றிக் குறுக்கு விசாரணைக்கும் உட்பட முடியாது என்று ஜான்கி வாஷ்தேவ் போஜ்வானி வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. அந்தத் தீர்ப்பு வங்கிக் கடன் தொடர்பான தகராறில் வந்தது; ஆனாலும் பவர் ஏஜெண்ட் சாட்சிக்கூண்டில் ஏறும் எந்த சிவில் வழக்கிலும் எதிர்த்தரப்பு அதை எடுத்து நீட்டும். குழந்தையை ஏன் வளர்க்க விரும்புகிறீர்கள், உங்கள் கணவர் சம்மதிக்கிறாரா, வருமானம் எவ்வளவு, வீட்டில் இன்னொரு குழந்தை இருக்கிறதா என்ற கேள்விகளுக்கு மனுதாரரே பதில் சொல்ல வேண்டும்.

ஆகவே இரண்டு பிரமாணப் பத்திரங்களைத் தனித்தனியாகத் தயாரியுங்கள். மனுதாரரின் பத்திரத்தில் அவருக்குத் தெரிந்தவை. உங்கள் பெயரில் இன்னொன்று: குழந்தை யாருடன் இருக்கிறது, பள்ளிக் கட்டணத்தை யார் கட்டுகிறார்கள், உடம்புக்கு முடியாதபோது மருத்துவமனைக்கு யார் அழைத்துப்போனார்கள் என்று நீங்களே கண்டவை. நீங்கள் இரண்டாம் சாட்சியாகிவிடுகிறீர்கள். பவர் ஏஜெண்ட் என்ற தகுதியால் அல்ல, நேரில் அறிந்தவர் என்ற தகுதியால். இது வழக்குக்கு உண்மையிலேயே வலு சேர்க்கும்.

மனுதாரர் நேரில் வர முடியாவிட்டால் காணொளி வழி உண்டு. கர்நாடகத்தில் 2020 முதல் இதற்கான விதிகள் இருக்கின்றன. வெளிநாட்டிலிருந்து சாட்சி சொல்பவருக்கு இந்தியத் தூதரக அதிகாரி ஒருவர் ஒருங்கிணைப்பாளராக இருக்க வேண்டும் என்பது விதி. அதனால் முன்கூட்டியே மனுப்போட்டு, தேதி உறுதியானதும் தூதரகத்துக்கு எழுத வேண்டும். தாக்கலான ஆவணங்களின் நகல் தொகுப்பு ஒன்றை மனுதாரர் கையில் வைத்திருக்கட்டும். நேர வேறுபாட்டையும் கணக்கிடுங்கள்: இங்கே 11 மணி என்றால் சிங்கப்பூரில் பகல் ஒன்றரை, குவைத்தில் காலை எட்டரை. வழக்கு எப்போது கூப்பிடப்படும் என்று சொல்ல முடியாததால், மனுதாரர் அன்று முழுநாள் விடுப்பு எடுப்பதே நல்லது.

கடைசியாக, குழந்தை. விவரம் தெரிந்த வயதுக் குழந்தையின் விருப்பத்தையும் நீதிமன்றம் கருதலாம் என்று 1890-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு சொல்கிறது. நீதிபதி தன் அறையில் தனியாகப் பேசுவார். குழந்தையை நீங்கள் அழைத்துப்போகலாம், உடன் உட்கார முடியாது. என்ன சொல்ல வேண்டும் என்று சொல்லிக்கொடுத்து அழைத்துப்போகாதீர்கள்; மனப்பாடம் செய்த பேச்சை அவர்கள் எளிதில் கண்டுகொள்கிறார்கள். அந்த நாளில் மனுதாரரும் ஊரில் இருப்பது மிகவும் நல்லது. பல ஆண்டுகளாகத் தொலைபேசியில் மட்டுமே பேசிய அத்தையிடம் குழந்தை எப்படிப் பழகுகிறது என்பதை எந்தப் பவர் பத்திரமும் காட்டாது. விசாரணை மூடிய அறையில் நடக்க வேண்டும் என்று விரும்பினால் குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 11-ஆம் பிரிவின்படி கேட்கலாம். ஒரு தரப்பு கேட்டாலே போதும். குழந்தை சம்பந்தப்பட்ட வழக்கில் இதைக் கேட்பதில் தயக்கமே வேண்டாம்.

9. செலவும் காலமும்

நீதிமன்றக் கட்டணம் சிறியது. பெரிய செலவுகள் வேறு: வெளிநாட்டு நோட்டரியும் அப்போஸ்டிலும், கூரியர், வழக்கறிஞர், மொழிபெயர்ப்பு, செய்தித்தாள் விளம்பரம், மனுதாரரின் விமானச் சீட்டு. வழக்கறிஞர் கட்டணத்தைப் பேசும்போது, வாய்தாவுக்கு இவ்வளவு என்பதா, வழக்கு முழுவதற்கும் இவ்வளவு என்பதா என்று முதலிலேயே தெளிவாக்கி எழுதி வாங்குங்கள். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி உண்டு. 15100 என்ற எண்ணில் கேட்கலாம்.

எவரும் எதிர்க்காத மனு மாதக்கணக்கில் முடியும். எதிர்ப்பு இருந்தால் ஆண்டுக்கணக்காகலாம். கோடை விடுமுறையையும் தசரா விடுமுறையையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள். பள்ளிச் சேர்க்கையோ விசாவோ அவசரமாக இருந்தால், 1890-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின் கீழ் இடைக்காலப் பாதுகாப்புக்கு மனுப்போடலாம். இறுதி உத்தரவு வரும் தேதியை நம்பி விமானச் சீட்டு எடுக்காதீர்கள்.

10. உத்தரவு வந்த பிறகு

அன்றே சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பியுங்கள், குறைந்தது மூன்று பிரதிகள்: கடவுச்சீட்டு, பள்ளி, வெளிநாட்டு விசா என்று ஒவ்வொரு இடத்திலும் ஒன்று கேட்பார்கள். உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய 30 நாட்கள். நகலுக்காகக் காத்திருந்த நாட்கள் அதில் கழியும். உத்தரவில் பெயர், பிறந்த தேதி ஆகியவற்றில் எழுத்துப்பிழை இருந்தால் உடனே திருத்த மனு கொடுங்கள். கடவுச்சீட்டு அலுவலகத்தில் அது தெரியவந்தால் மீண்டும் நீதிமன்றப் படியேற வேண்டும்.

பாதுகாவலராக நியமிக்கப்பட்டுவிட்டதால் குழந்தையை அடுத்த வாரமே வெளிநாட்டுக்கு அழைத்துப்போகலாம் என்பதில்லை. நீதிமன்றத்தின் எல்லையைத் தாண்டிக் குழந்தையை அழைத்துச்செல்ல அதே 1890-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 26-ஆம் பிரிவின்படி அனுமதி வேண்டும். அழைத்துச்செல்வதே நோக்கம் என்றால் அந்தக் கோரிக்கையை மூல மனுவிலேயே சேர்த்து, எந்த நாடு, எந்தப் பள்ளி, எந்த வீடு என்ற விவரங்களோடு கேட்டுவிடுங்கள்.

தாக்கல் செய்த அசல் ஆவணங்களைத் திரும்பக் கேட்டு மனுக் கொடுங்கள். அவை கைக்கு வந்ததும், பவர் பத்திரத்தை ரத்து செய்யும் கடிதம் ஒன்றை மனுதாரரிடமிருந்து வாங்கி, ஒரு பிரதியை வழக்கறிஞரின் கோப்பிலும் இன்னொன்றை உங்களிடமும் வைத்துக்கொள்ளுங்கள்.